களரி: வாசகர் கேள்வி பதில்

இந்த இதழில் தருமபுரி, கிருஷ்ணகிரி மாவட்டங்களிலிருந்து வந்த கேள்விகளை மட்டும் எடுத்துக்கொண்டோம். மாசி பிறந்தால் இந்தப் பக்கம் ஊருக்கு ஊர் விழாக்குழு கூடிவிடும். கூத்தா, ஆர்க்கெஸ்ட்ராவா, பம்பையா, டி.ஜே.வா என்று பேச்சு எழுவதும் அப்போதுதான். வந்த கேள்விகளில் பாதிக்கு மேல் அதைப் பற்றியவை.

எங்கள் ஊர் திரௌபதி அம்மன் கோவிலில் பதினெட்டு நாள் பாரதம் வைக்கிறோம். ராத்திரிக் கூத்துக்கு முப்பது பேர்கூடக் கடைசிவரை உட்காருவதில்லை. கூத்தை நிறுத்திவிட்டு ஆடல் பாடல் வைக்கலாம் என்கிறார்கள் இளைஞர்கள். பெரியவர்கள் ஒப்பவில்லை. கூத்தை மூன்று மணி நேரமாகச் சுருக்கச் சொல்லலாமா?
— விழாக்குழு உறுப்பினர், பென்னாகரம் வட்டம்

சொல்லலாம். ஆனால் எல்லா ராத்திரிக்கும் சொல்லக் கூடாது.

முதலில் உங்கள் கூத்துகளை இரண்டாகப் பிரித்துக்கொள்ளுங்கள். சில கூத்துகள் கோவில் சடங்கோடு ஒட்டியவை. அர்ச்சுனன் தபசுக்கு மரம் நட வேண்டும், வேஷக்காரர் பாடிக்கொண்டே அதில் ஏற வேண்டும், பிள்ளை வரம் வேண்டுவோர் அடியில் காத்திருப்பார்கள். படுகளத்தன்று மண்ணால் துரியோதனனைப் படுக்க வைத்திருப்பீர்கள். பீமன் தொடையை அடித்துப் பிளப்பதும் திரௌபதி கூந்தல் முடிவதும் நடந்தால்தான் சாயங்காலம் தீமிதிக்கு வழி. இவற்றில் கை வைக்காதீர்கள். இவற்றுக்குக் கூட்டம் குறைந்ததாகவும் நீங்கள் எழுதவில்லை.

மற்றவை கதைக்கூத்துகள். கூட்டம் கலைவது இவற்றில்தான், இவற்றைச் சுருக்கலாம். எதை வெட்டுவது என்பதைக் குழு முடிவு செய்யாமல் கூத்து வாத்தியாரிடம் விட்டுவிடுங்கள். கூத்தில் சிரிக்க வைக்கும் வேஷம் கட்டியங்காரன். பெரும்பாலும் குழுக்காரர்கள் 'பாட்டைக் குறைங்க, கட்டியங்காரன் காமெடியை நிறைய வைங்க' என்பார்கள். அப்படிச் செய்தால் மிஞ்சுவது மிமிக்ரி நிகழ்ச்சி. அதற்கு ஆடல் பாடலே மேல் என்று அடுத்த வருஷம் இளைஞர்கள் சொன்னால் தப்பு சொல்ல முடியாது.

மூன்று மணி நேரத்துக்கு ஏற்றது, இரண்டு பெரிய வேஷங்கள் நேருக்கு நேர் நிற்கும் கதை. கர்ண மோட்சம், துகிலுரிதல், அபிமன்யு சண்டை போன்றவை. பத்துப் பன்னிரண்டு வேஷம் வரும் கதையைச் சுருக்கினால் ஒருவரும் மனதில் நிற்க மாட்டார்கள். நேரத்தை ஏறக்குறைய இப்படிப் பிரிக்கலாம்: மேளம் கட்டிக் கடவுள் வாழ்த்துப் பாட 15 நிமிடம், கட்டியங்காரனுக்கு 20, இரண்டு பெரிய வேஷங்களின் திரைப் பிரவேசத்துக்குத் தலா 25, இரண்டு வேஷங்களும் வாதாடும் தர்க்கத்துக்கு ஒரு மணி நேரம், போருக்கும் முடிவுக்கும் அரை மணி. மூன்று மணி நேரத்துக்கு ஐந்து நிமிடம் குறைவாக வரும்.

திரைப் பிரவேசத்தைப் பத்து நிமிடமாக்கச் சொல்லாதீர்கள். இரண்டு பேர் துணியை விரித்துப் பிடிக்கிறார்கள். முதலில் சலங்கை மட்டும் கேட்கிறது. பிறகு துணியின் மேல் விளிம்பில் விரல்கள் தெரிகின்றன. விருத்தம் பாடி, தரு என்னும் வேஷப் பாட்டை எடுத்து, மத்தளக்காரரும் ஆட்டக்காரரும் காலப்பிரமாணத்தை, அதாவது தாள வேகத்தை, ஒருவருக்கொருவர் சரிபார்த்துக்கொள்வது அந்தத் துணிக்குப் பின்னால்தான். அது பிடிபட்ட பிறகுதான் திரை விலகும், ஆட்டக்காரர் கிறிக்கை (வேகமான சுழற்சி ஆட்டம்) சுற்றி வருவார். அவசரமாகத் திரையை விலக்கினால் அன்று முழுக்க ஆட்டம் மத்தளத்துக்குப் பின்னால் ஓடும்.

நேரத்தைக் குறைப்பதை விட ஆரம்பத்தை முன்னால் கொண்டுவருவது பலன் தரும். பத்து மணிக்கு மேல் தொடங்கினால் பிள்ளைகள் தூங்கிவிடும், அம்மாக்கள் எழுந்து போவார்கள், அவர்களோடு பாதிக் கூட்டம் போகும். ஏழு மணிக்குத் திரை பிடியுங்கள். உங்கள் ஊர்ப் பையன்களில் பலர் பெங்களூரிலும் ஓசூரிலும் திருப்பூரிலும் வேலையில் இருப்பார்கள். முக்கியமான கதையைச் சனி, ஞாயிறு ராத்திரிக்கு வைத்தால் பார்க்க ஆள் இருக்கும். செவ்வாய்க்கிழமை ராத்திரி கர்ண மோட்சம் வைத்துவிட்டு இளைஞர்கள் வரவில்லை என்று வருத்தப்படுவது நியாயம் இல்லை.

போன வருஷம் கூத்துக்கு நாலடி உயர மேடை போட்டோம். ஆட்டம் சோபிக்கவில்லை. வேஷக்காரர் ஒருவர் வழுக்கியும் விழுந்துவிட்டார். தரையிலேயே ஆடட்டும் என்று விடுவதா?
— காரிமங்கலம் வாசகர்

தரைதான் சரி. தெருக்கூத்துக்கு மூன்று பக்கம் ஆட்கள், நான்காவது பக்கம் மேளமும் பின்பாட்டும். அந்த வட்டத்துக்குள் ஆடிப் பழகிய கால், ஒரே பக்கம் பார்த்து ஆடும் மேடைக்குப் பழகாது. நாலடி மேடையில் முன்வரிசைக்காரருக்குக் கால் தெரியாது. கூத்தில் பாதி கால்தான்.

வழுக்கியதற்குக் காரணம் கம்பளமாகத்தான் இருக்க வேண்டும். இரும்புச் சட்டத்தின் மேல் பலகை அடுக்கி, அதன் மேல் சிவப்புக் கம்பளம் விரிப்பார்கள். கிறிக்கை சுற்றும்போது வெறுங்காலுக்கும் கம்பளத்துக்கும் பிடி இருக்காது, கம்பளமும் பலகை மேல் நகரும். தலையில் கட்டைக் கிரீடம் இருப்பதால் சாய்ந்தால் நிமிர முடியாது. போதாததற்கு வெற்றுப் பலகை துள்ளும், சலங்கை ஒலியை 'தொம் தொம்' என்று முழுங்கும்.

பதினைந்தடிக்குப் பதினைந்தடி இடம் போதும். முதல் நாள் கல்லும் முள்ளும் பொறுக்கி, தண்ணீர் தெளித்து, மிதித்து இறுக்குங்கள். ஆட்டத்துக்கு ஒரு மணி முன்னால் லேசாக மறுபடி தெளித்தால் புழுதி கிளம்பாது. அதிகம் தெளித்தால் சேறாகும், அதுவும் வழுக்கும். கூட்டம் பெரிது, பின்னால் இருப்பவர்களுக்குத் தெரியாது என்றால் ஒன்றரை அடிக்கு மண் கொட்டி மேடாக்குங்கள். மேடை போட்டே ஆக வேண்டும் என்றால் கம்பளத்தை எடுத்துவிட்டு, பலகை இடுக்கைச் சரிபார்த்து, ஆணித் தலை துருத்தாமல் அடித்துக் கொடுங்கள்.

மேடையை விடக் கூத்தைக் கெடுத்தது ஸ்டாண்டு மைக். அது வந்த பிறகு பாடும்போது ஆடக் கூடாது, ஆடும்போது பாடக் கூடாது என்று ஆகிவிட்டது. கர்ணனும் அர்ச்சுனனும் ஒரே மைக்குக்கு முன்னால் வரிசையில் நின்று சண்டை போடுகிறார்கள். நான்கு மூலையில் கம்பு நட்டு, குறுக்கே கம்பி கட்டி, மூன்று மைக்குகளைத் தொங்க விடச் சொல்லுங்கள். கிரீடத்தில் இடிக்காமல் இருக்க எட்டடி உயரம் வேண்டும். சட்டையில் குத்தும் சின்ன மைக் இங்கே உதவாது. மார்புப் பதக்கம் அதன் மேல் இடித்துக்கொண்டே இருக்கும், ஸ்பீக்கரில் அந்தச் சத்தம்தான் வரும்.

விளக்கையும் முகத்துக்கு நேராக அடிக்க வேண்டாம். தோளில் கட்டும் புஜகீர்த்தியில் ஒட்டிய கண்ணாடித் துண்டுகள் பார்ப்பவர் கண்ணைக் கூச வைக்கும். இரண்டு பக்கமும் சற்றுச் சாய்வாக வையுங்கள்.

பத்து மணிக்குப் போலீஸ் வந்து ஸ்பீக்கரை நிறுத்தச் சொல்கிறார்கள். விடிய விடிய கூத்து நடப்பது இந்த ஊரில் தலைமுறை வழக்கம். சட்டம் என்ன சொல்கிறது?
— பாப்பிரெட்டிப்பட்டி வாசகர்

2000-ஆம் ஆண்டின் ஒலி மாசு விதிகள்படி இரவு 10 முதல் காலை 6 வரை ஒலிபெருக்கி கூடாது. 2010-இல் திருத்தம் வந்தபோது இசைக்கருவிகளையும் அதில் சேர்த்துவிட்டார்கள். மூடிய மண்டபத்துக்குள் நடப்பவைக்கு மட்டும் விலக்கு. கலாசார, சமய விழாக்களுக்காக மாநில அரசு ஆண்டில் 15 நாள் வரை நள்ளிரவு 12 மணி வரைக்கும் தளர்த்தலாம். குடியிருப்புப் பகுதிக்கான அளவு பகலில் 55 டெசிபல், இரவில் 45. வழக்கம் என்பதற்குத் தனி விலக்கு இல்லை.

எனவே காவல் நிலையத்தில் எழுத்தில் மனு கொடுத்து, எழுத்தில் அனுமதி வாங்குங்கள். மனுவில் கோவில் சடங்கு, கூத்து என்று தெளிவாக எழுதுங்கள். 'கலை நிகழ்ச்சி' என்று பொதுவாக எழுதினால் ஆடல் பாடலோடு சேர்த்துப் பார்ப்பார்கள். ஊரைப் பார்த்துத் திருப்பிய கூம்புக் குழாய் ஸ்பீக்கர்களைக் கழற்றிவிட்டு, களத்தைப் பார்த்து இரண்டு பெட்டி மட்டும் வையுங்கள். புகார் கொடுப்பவர் பெரும்பாலும் கூத்தைப் பிடிக்காதவர் அல்ல. தன் வீட்டு ஜன்னலுக்கு நேராகக் குழாய் கட்டப்பட்டவர்.

கரகாட்டம் என்று பேசி அட்வான்ஸ் கொடுத்தோம். வந்தவர்கள் பத்து நிமிடம் கரகம் வைத்தார்கள். மீதி நேரம் சினிமாப் பாட்டும் இரட்டை அர்த்தப் பேச்சும். குடும்பத்தோடு வந்தவர்கள் எழுந்து போய்விட்டார்கள். ஏமாறாமல் இருக்க என்ன கேட்டுப் பேச வேண்டும்?
— கிருஷ்ணகிரி வாசகர்

முதலில் சக்திக் கரகமா, ஆட்டக் கரகமா என்று நீங்கள் தெளிவாக வேண்டும். சக்திக் கரகம் விரதம் இருந்தவர் எடுப்பது. தண்ணீர் நிறைத்து, வேப்பிலையும் பூவும் சுற்றி, அம்மனாக ஊர்வலம் வருவது. அதைச் செட்டுக்காரரிடம் (காசுக்கு ஆடும் குழுவிடம்) பேசக் கூடாது. நீங்கள் பேசியது ஆட்டக் கரகம்.

பேசும்போது 'எத்தனை பொண்ணுங்க?' என்றுதான் பல குழுக்கள் முதல் கேள்வி கேட்கின்றன. கேள்வி அதுவாக இருந்தால் வருவதும் அதற்கு ஏற்றபடிதான் வரும். 'மேளம் என்ன?' என்று தொடங்குங்கள். நையாண்டி மேளம் என்றால் நாகசுரம் 2, தவில் 2, பம்பை 1, தமுக்கு 1, தாளம் 1. ஏழு பேர். 'மேளம் வேண்டாங்க, பாட்டு பெட்டியில் போட்டுக்கலாம்' என்று பதில் வந்தால் அந்தச் செட்டு கரகத்துக்கு வரவில்லை. கரகத்தில் ஆட்டக்காரர் தவிலைப் பார்த்து ஆடுவார், தவில்காரர் அவர் முழங்காலைப் பார்த்து அடிப்பார். பெட்டிப் பாட்டுக்கு இரண்டும் இல்லை.

அடுத்து, கரகம் தலையில் எவ்வளவு நேரம் இருக்கும் என்று கேளுங்கள். தேர்ந்தவர்கள் செம்பில் அரிசியோ மணலோ நிறைப்பார்கள். பார்ப்பவர்கள் இதைச் சிரமத்துக்காகச் செய்வது என்று நினைக்கிறார்கள். உண்மையில் வெறும் செம்புதான் சிரமம். எடை இல்லாத செம்பு ஒவ்வொரு அடிக்கும் தலைமேல் துள்ளும், மேலே உள்ள பூக்கூம்பு அதை இன்னும் ஆட்டும். அடியில் எடை இருந்தால் செம்பு தன் இடத்தில் அடங்கி நிற்கும், உடம்பு அதற்குக் கீழே அசையலாம். கழுத்து நகராது, பார்வை ஒரே மட்டத்தில் இருக்கும், குலுக்கலை எல்லாம் முழங்காலும் இடுப்பும் வாங்கிக்கொள்ளும். ஏணி ஏறுவது, குனிந்து கண்ணால் ஊசி எடுப்பது எல்லாம் இந்த அடக்கம் வந்த பிறகு. கரகத்தை நாடா போட்டு மோவாயோடு கட்டியிருந்தால் பள்ளிக்கூட மேடைக்குப் போதும், காசு கொடுத்துக் கூப்பிடுவதற்குப் போதாது.

இன்னொன்று. அந்தப் பேச்சுக்கும் உடைக்கும் ஆடிய பெண்களைத் திட்டிவிட்டுப் போவது எளிது. பணத்தாள் குத்த மேடை ஏறியவர்கள் யார், இன்னும் கொஞ்சம் என்று கத்தியவர்கள் யார் என்பதையும் கணக்கில் எடுங்கள். சம்பளம் குறைவாகவும் அன்பளிப்பு அதிகமாகவும் இருக்கும் தொழிலில், அன்பளிப்பு எதற்கு விழுகிறதோ அதைத்தான் செய்ய வேண்டி வரும். எனவே ஒப்பந்தத் தாளில் இவற்றை எழுதுங்கள்: மொத்தச் சம்பளம் இவ்வளவு, பாதி முன்பணம், மீதி ஆட்டம் முடிந்த கையோடு. மேடையில் யாரும் ஏறக் கூடாது, அன்பளிப்பு தட்டில் மட்டும், அதைச் செட்டு முழுவதும் பிரித்துக்கொள்ளும். உடை மாற்றத் தாழ்ப்பாள் உள்ள அறை, கழிப்பறை, போகும்போது வண்டி. சம்பளத்தைக் கொஞ்சம் உயர்த்தி இந்த வரிகளைச் சேர்த்தால் நல்ல செட்டு உங்கள் ஊருக்கு வரும். அந்த வரிகளைப் படித்துவிட்டு வேண்டாம் என்று போகிற ஏஜெண்ட் போகட்டும்.

மயானக் கொள்ளைத் திருவிழாவுக்கு வழக்கமான பம்பைக் குழுவோடு இந்த முறை டி.ஜே. வண்டியும் செண்டை மேளமும் சேர்க்கச் சொல்கிறார்கள். மூன்றும் ஒத்துவருமா?
— காவேரிப்பட்டணம் வாசகர்

ஒரே தெருவில் ஒரே நேரத்தில் ஒத்துவராது. டி.ஜே. வண்டி வந்தால் ஐந்து பேர் பம்பை ஐம்பதடிக்கு அப்பால் கேட்காது. கேட்காதபோது பம்பைக்காரர் ஓங்கி அடிப்பார், தோல் கிழியும்.

சாமி அழைக்கும் இடத்தில் பம்பையும் உடுக்கையும் மட்டும்தான் உதவும் என்பதற்கு ஒரு நேரடிக் காரணம் உண்டு. மருள் வருகிறவரின், அதாவது சாமியாடுகிறவரின், மூச்சையும் தோள் நடுக்கத்தையும் பார்த்துப் பம்பைக்காரர் வேகம் கூட்டுவார். அவர் தள்ளாடினால் குறைப்பார், எல்லை மீறினால் நிறுத்தி வேறு அடிக்குப் போவார். பதிவு செய்த பாட்டு யாரையும் பார்க்காது. அந்த வேகத்தில் மருள் வந்தவர் நிதானம் தப்பி விழுந்து அடிபட வாய்ப்பு அதிகம்.

கோவிலில் புறப்படும் இடம், வழியில் நிற்கும் இடங்கள், மயானம் ஆகிய மூன்றும் பம்பைக்கு. கடைவீதி ஊர்வலத்தில் செண்டை போகட்டும், இருநூறடி இடைவெளி விட்டு. டி.ஜே. இல்லாமல் முடியாது என்றால் சடங்கு முடிந்த மறுநாள் வையுங்கள். பம்பைக்காரர் கூலியைச் செண்டைக்காரர் கூலிக்குப் பக்கத்தில் வைத்து ஒருமுறை பாருங்கள். வெளி மாநிலத்திலிருந்து வண்டி வைத்துக் கூப்பிடுகிறவருக்குப் பேரம் பேசாமல் கொடுத்துவிட்டு, உள்ளூர்க்காரரிடம் ஐந்நூறு ரூபாய்க்கு அரை மணி நேரம் வாதாடுகிறோம்.

பள்ளி ஆண்டு விழாவுக்கு 'கிராமிய நடனம்' என்று ஒவ்வொரு வருஷமும் வேட்டி கட்டிக் குத்துப் பாட்டுக்கு ஆட வைக்கிறோம். மனசு ஒப்பவில்லை. மூன்று வாரத்தில் பிள்ளைகளுக்கு உண்மையாகவே எதைச் சொல்லிக் கொடுக்க முடியும்?
— ஆசிரியை, ஊத்தங்கரை

பின்னல் கோலாட்டம். ஆறு நிமிட மேடைக்கு அளவெடுத்தது போல இருக்கும், வேஷம் தேவையில்லை, சினிமாப் பாட்டும் தேவையில்லை.

எட்டுப் பேர் எடுத்துக்கொள்ளுங்கள். இரட்டைப்படை எண்ணாகத்தான் இருக்க வேண்டும். பத்தடி உயரத்தில் ஒரு வளையம், அதிலிருந்து எட்டுக் கயிறு. நாலு சிவப்பு, நாலு மஞ்சள் என்று துணி நாடாவாக இருந்தால் பின்னல் தூரத்துக்குத் தெரியும். ஒவ்வொன்றும் வளையத்தின் உயரத்தைப் போல ஒன்றரை மடங்கு, அதாவது பதினைந்தடி. குறைவாக இருந்தால் பின்னல் இறங்கும்போது வட்டம் சுருங்கிப் பிள்ளைகள் முட்டிக்கொள்வார்கள். கயிற்று நுனி இடது கைக் கோலோடு சேர்ந்திருக்கும்.

சிவப்புக்காரர்கள் வலம் வருவார்கள், மஞ்சள்காரர்கள் இடம் வருவார்கள். எதிரே வரும் முதல் ஆளுக்கு உள்பக்கமாகப் போனால் அடுத்த ஆளுக்கு வெளிப்பக்கம். உள், வெளி, உள், வெளி. முதல் வாரம் கயிறே இல்லாமல், கோலும் இல்லாமல், வாயால் 'உள், வெளி' சொல்லிக்கொண்டே நடக்கட்டும். இரண்டாம் வாரம் கோல் சேருங்கள், கடக்கும்போது ஒரு தட்டு. கடைசி வாரம் கயிறு. முதல் நாளே கயிற்றைக் கையில் கொடுப்பதுதான் பெரும்பாலும் நடக்கும் தவறு.

பின்னியதை அவிழ்ப்பதில்தான் கைதட்டல். எல்லாரும் நின்ற இடத்திலேயே திரும்புவார்கள். கடைசியாகக் கடந்தபோது யார் வெளிப்பக்கம் போனாரோ அவர் அதே ஆளை மறுபடி வெளிப்பக்கமாகவே கடந்து தொடங்க வேண்டும். அதில் ஒருவர் மாறினாலும் முடிச்சு விழும். முடிச்சு விழுந்தால் இழுக்க வேண்டாம். எட்டுப் பேரும் நிற்கட்டும், தப்பிய ஜோடி மட்டும் பின்வாங்கி மாற்றிக் கடக்கட்டும், பிறகு மேளம் எடுக்கட்டும். இதையும் ஒத்திகையில் பழக்குங்கள், மேடையில் பதற்றம் இருக்காது.

பாட்டுக்கு உங்கள் ஊரில் பொங்கலுக்குக் கும்மியடித்த பாட்டிகள் இரண்டு பேரை அழையுங்கள். அவர்கள் பாட்டின் வேகம் கோலாட்டத்துக்குச் சரியாக வரும்.

கூத்து வேஷமும் போட ஆசைப்பட்டால் ஓர் எச்சரிக்கை. நாட்டு மருந்துக் கடையில் கிடைக்கும் அரிதாரம் ஆர்சனிக் கலந்த கனிமம், பிள்ளைகள் முகத்தில் படக் கூடாது. தோலுக்கென்று விற்கும் மேக்கப் நிறங்களே போதும்.

ஓசூர் அடுக்ககங்களிலும் கம்பெனிகளிலும் தாண்டியா, பாங்க்ரா இல்லாத விழா இல்லை. குஜராத், பஞ்சாப் ஆட்டம் நாடு முழுக்கப் போனது, நம்முடையது ஏன் போகவில்லை?
— ஓசூர் வாசகர்

அவை போனதற்குக் காரணம், யார் வேண்டுமானாலும் பத்து நிமிடத்தில் வட்டத்துக்குள் சேர்ந்துகொள்ளலாம். தாண்டியாவோடு சேர்ந்தே ஆடும் குஜராத்தின் கர்பாவில் துளையிட்ட மண்பானைக்குள் விளக்கு எரியும், அதைச் சுற்றி நவராத்திரி ஒன்பது ராத்திரியும் கைதட்டிச் சுற்றுவார்கள். அடிப்படை அடி மிகச் சுலபம். 2023 டிசம்பரில் யுனெஸ்கோ பட்டியலிலும் சேர்ந்தது. அதே நேரத்தில் டிக்கெட் போட்டு, விளம்பரப் பலகை கட்டி, மைதானத்தில் ஆயிரக்கணக்கில் கூட்டும் வியாபாரமும் அதுதான். பல இடங்களில் நடுவில் இருந்த விளக்கு போய் மேடையும் பாடகரும் வந்துவிட்டார்கள், வட்டம் மேடையைப் பார்த்துத் திரும்பிவிட்டது. பாங்க்ராவும் அறுவடை ஆட்டமாக இருந்து, 1950-களில் டெல்லிக் குடியரசு நாள் விழாக்களுக்குப் போன குழுக்கள் வழியாக, பல பஞ்சாபி ஆட்டங்களின் அடிகளைச் சேர்த்து மேடை வடிவம் பெற்றது. இன்று திருமண வீடுகளில் பார்ப்பது அந்த மேடை வடிவத்தின் பேரப்பிள்ளை. அஸ்ஸாமில் 2023 ஏப்ரலில் 11,304 பேரை ஒரே மைதானத்தில் பிஹு ஆட வைத்துக் கின்னஸ் சாதனை படைத்தார்கள்.

கூத்தை இவற்றோடு ஒப்பிடக் கூடாது. கூத்து தேர்ந்தவர் ஆட மற்றவர் பார்ப்பது. ஒப்பிட வேண்டியது கும்மியையும் கோலாட்டத்தையும். கொங்குப் பக்கம் வள்ளி ஒயில் கும்மி பல ஊர்களில் பயிற்சியாகவும் அரங்கேற்றமாகவும் பரவியிருப்பது அதனால்தான். அதைக் கற்றுக்கொடுத்த கோவையின் பத்ரப்பனுக்கு 2024-இல் பத்மஸ்ரீ கிடைத்தது. உங்கள் அடுக்ககத்தில் தைப்பொங்கலுக்குக் கும்மி வையுங்கள். இருபது பெண்கள், கைதட்டல், ஒரு பாட்டுக்காரர். செலவே கிடையாது. கூத்து, பம்பைக் குழுவை அழைத்தால், நாட்டுப்புற, செவ்வியல் கலைஞரின் நிகழ்ச்சிக்கு 1.5 லட்சம் ரூபாய் வரையிலான சம்பளத்துக்கு ஜி.எஸ்.டி. விலக்கு உண்டு என்பதை உங்கள் சங்கக் கணக்கரிடம் சொல்லுங்கள்.

சாவுக்கு அடித்த பறை இன்று கல்யாண மேடைக்கும் கல்லூரிக்கும் வந்துவிட்டது. இது வணிகமயம் இல்லையா?
— கல்லூரி மாணவர், அரூர்

பணம் வாங்கி அடிப்பதால் வணிகம் என்றால், பணமே கொடுக்காமல் அடிக்க வைத்த காலத்தை என்ன பெயரிட்டு அழைப்பது? சாவு வீட்டில் அடிப்பது பல ஊர்களில் ஒரு சாதியின் மேல் சுமத்தப்பட்ட கட்டாயம். அதை மறுத்துப் பறையைக் கீழே வைத்த குடும்பங்கள் சரியாகத்தான் செய்தன. பிறகு 1990-களில் தலித் கலை விழாக்களிலும், திண்டுக்கல் சக்தி கலைக்குழு போன்ற பெண்கள் குழுக்களிலும், அதே கருவியை விருப்பத்தோடு மறுபடி எடுத்தார்கள். 2025-இல் மதுரைப் பறைக் கலைஞர் வேலு ஆசானுக்குப் பத்மஸ்ரீ கிடைத்தது. இந்த மாற்றத்தை இழப்பு என்று எங்களால் எழுத முடியாது.

கவனிக்க வேண்டியது வேறு. பறையில் ஒத்தையடி, டப்பா அடி, பாடம் அடி, மருளடி, சாமிச்சாட்டு அடி என்று அடி வகை பல உண்டு. அந்த வரிசையிலேயே 'சினிமா அடி' என்றும் ஒன்று பல காலமாக இருக்கிறது. கலைஞர்கள் புதிதை எப்போதும் சேர்த்துத்தான் வந்திருக்கிறார்கள். கல்யாண மேடைக் குழுக்கள் பல அந்த ஒன்றை மட்டும் வைத்துக்கொண்டு மற்றவற்றை விட்டுவிட்டன. கற்றுக்கொள்ளப் போகிறீர்கள் என்றால் ஆசானிடம் மற்ற அடிகளை முதலில் கேளுங்கள். கருவி வாங்கும்போது தோலா, ஃபைபரா என்றும் யோசியுங்கள். மாட்டுத்தோல் ஈரம் பட்டால் தளரும், ஒவ்வொரு முறையும் வைக்கோல் தீயில் காய்ச்ச வேண்டும். ஃபைபருக்கு அந்த வேலை இல்லை, மழையிலும் அடிக்கலாம். ஆனால் அடிக்குச்சியின் கனத்த ஒலிக்கும் சிண்டுக்குச்சியின் மெல்லிய ஒலிக்கும் உள்ள வித்தியாசம் அதில் மங்கிவிடும். பழகுவதற்கு ஃபைபர் போதும், ஆட்டத்துக்குத் தோல்.

எங்கள் செட்டின் கூத்தை யாரோ படம் பிடித்து யூட்யூபில் போட்டுச் சம்பாதிக்கிறார்கள். நாங்களே போட்டால் காப்புரிமைப் புகார் வருகிறது. என்ன செய்வது?
— இளம் கூத்துக் கலைஞர், பாலக்கோடு

உங்கள் ஆட்டத்தைப் பதிவு செய்யச் சம்மதம் கொடுக்கும் உரிமை உங்களுடையது. 1957-ஆம் ஆண்டுக் காப்புரிமைச் சட்டத்தில் நிகழ்த்துகலைஞர் உரிமை என்று தனிப் பிரிவே உண்டு, 50 ஆண்டு வரை செல்லும். விழாக்குழுவோடு பேசும்போதே 'படப்பதிவு செட்டின் சம்மதத்தோடு மட்டும்' என்று ஒரு வரி எழுதிக்கொள்ளுங்கள்.

உங்கள் பதிவுக்குப் புகார் வருவது கட்டியங்காரன் பாடும் சினிமா மெட்டால்தான் இருக்கும். பாரத விருத்தத்துக்கு யாரும் உரிமை கோர வரப்போவதில்லை. அந்தப் பகுதியை வெட்டிவிட்டுப் போடுங்கள். ஒரு நிமிடத் துண்டுக்குச் சிரிப்பைத் தேர்ந்தெடுக்காமல் திரைப் பிரவேசத்தைத் தேர்ந்தெடுங்கள், கேமராவை முழங்கால் உயரத்தில் வைத்து. வீடியோவுக்குக் கீழே, ஆடியவர், மத்தளம், பின்பாட்டு எல்லார் பெயரும், கூப்பிட வேண்டிய செல் எண்ணும் இருக்கட்டும்.

கட்டைக்கூத்து, தெருக்கூத்து எது சரியான பெயர்?
— மொரப்பூர் வாசகர்

இரண்டும் வழக்கில் உள்ளவை. கிரீடம், புஜகீர்த்தி, மார்புப் பதக்கம் ஆகிய மரக் கட்டைகளைக் கட்டி ஆடுவதால் கட்டைக்கூத்து. கல்யாண முருங்கை மரத்தில் செதுக்குவார்கள், எடை குறைவு என்பதால். உங்கள் ஊர் ஆட்டக்காரர்கள் எதைச் சொல்கிறார்களோ அதையே சொல்லுங்கள்.

எங்கள் அப்பா நாற்பது வருஷம் கூத்து ஆடியவர், வயது 67. அரசு விருதுக்கு எங்கே கேட்பது?
— தேன்கனிக்கோட்டை வாசகி

மாவட்டக் கலை மன்ற விருதுகள் வயதுப்படி உள்ளவை. 18 வரை கலை இளமணி, 19 முதல் 35 கலை வளர்மணி, 36 முதல் 50 கலைச் சுடர்மணி, 51 முதல் 65 கலை நன்மணி, 66-க்கு மேல் கலை முதுமணி. அப்பா முதுமணிக்கு வருவார். கிருஷ்ணகிரி மாவட்டத்துக்குச் சேலத்தில் உள்ள மண்டலக் கலை பண்பாட்டு மையத்தில் கேளுங்கள். ஆட்சியர் அலுவலகச் செய்திக்குறிப்பாக அறிவிப்பு வரும், கெடு குறுகியதாக இருக்கும். எனவே வயதுச் சான்று, பழைய விழா நோட்டீஸ்கள், வேஷத்தோடு எடுத்த படங்கள், ஆடிய ஊர்களின் பட்டியல் ஆகியவற்றை இப்போதே ஒரு கோப்பில் சேர்த்து வையுங்கள். நோட்டீஸ்தான் முக்கியம். அதில் அப்பா பெயர் இருக்கும் பழைய தாள் ஏதாவது கோவில் பெட்டியிலோ வாத்தியார் வீட்டிலோ கிடைக்கும். நாட்டுப்புறக் கலைஞர்கள் நலவாரியத்தில் பதிவு இருக்கிறதா என்றும் அதே பயணத்தில் பார்த்துவிடுங்கள்.